கலிவர் சென்னைக்கு வந்திருக்கிறார்: கற்பனைக் கடற்பயணக் கதைகளும் காலனியமும்

கடலோடி எழுதியது:

சிறுவயதில் நான் படித்த, ஜோனத்தன் ஸ்விஃப்டின் கலிவர் கதை ஒரு சுருக்கப் பதிப்பு. குள்ளர் நாடும் இராட்சதர் நாடும் முடிந்தவுடன் நூலும் முடிந்துவிடும். ஐம்பதை நெருங்கும் வயதில் இப்போதுதான் முழு நூலையும் படித்தேன். மூன்றாம் பாகத்தின் தொடக்கத்தில் நான் சற்றும் எதிர்பாராத ஓர் இடம் வந்தது. 1706 ஆகஸ்ட் 5ஆம் நாள் 'ஹோப்வெல்' என்னும் கப்பலில் புறப்படும் கலிவர், 1707 ஏப்ரல் 11ஆம் நாள் புனித ஜார்ஜ் கோட்டையை, அதாவது நம் சென்னையை, வந்தடைகிறார். மாலுமிகளில் பலர் நோயுற்றிருந்ததால் மூன்று வாரம் தங்கிவிட்டு, இன்றைய வட வியட்நாமான டோங்கினுக்குப் போகிறார். இரண்டாம் பாகத்தில் அவர் ஏறும் கப்பலோ சூரத்துக்குப் புறப்பட்டது. புயல் திசைமாற்றியதால்தான் இராட்சதர் நாட்டில் போய் நிற்கிறார்.

குழந்தைக் கதை என்று நான் நம்பியிருந்த நூல் கிழக்கிந்திய வாணிபத்தின் வழித்தடங்களிலேயே ஓடுகிறது என்பது இதற்குப் பிறகுதான் உறைத்தது. அக்காலத்தில் இதுபோன்ற கற்பனைப் பயண நூல்கள் ஏராளமாக வந்துள்ளன. 18ஆம் நூற்றாண்டை மட்டும் எடுத்துக்கொண்டு பிலிப் கோவ் என்னும் ஆய்வாளர் 1941இல் வெளியிட்ட பட்டியலிலேயே 215 நூல்கள் இருக்கின்றன. இவை நாடு பிடிக்கும் வேலைக்குத் துணைநின்றனவா, அல்லது அதைப் பார்த்து நகைத்தனவா? இத்துறையில் வாசிப்புள்ளவர்கள் விளக்க வேண்டுகிறேன்.

ஏட்டுப்பூச்சி எழுதியது:

துணைநின்றன என்பதே என் கருத்து. கலிவரிலிருந்து தொடங்காமல் இருநூறு ஆண்டு பின்னால் போய்ப் பாருங்கள். 1516இல் லூவேன் நகரில் இலத்தீனில் அச்சான தாமஸ் மோரின் 'உட்டோப்பியா'வில், அந்தத் தீவைக் கண்டுவந்ததாகச் சொல்லும் ரஃபேல் ஹைத்லோடே, அமெரிகோ வெஸ்புச்சியுடன் கடலோடியவர். கடைசிப் பயணத்தின் முடிவில் ஒரு கோட்டையில் விட்டுவரப்பட்ட 24 பேரில் ஒருவர். அந்த 24 பேரை மோர் தாமாகப் படைக்கவில்லை. வெஸ்புச்சியின் பெயரில் அச்சாகியிருந்த கடிதத்திலேயே அவர்கள் இருக்கிறார்கள். மெய்ப்பயணத்தின் விளிம்பில் ஓர் இடைவெளியைக் கண்டு, அதற்குள் தம் தீவை நுழைத்துவிட்டார் மோர்.

உட்டோப்பியா இலட்சிய நாடு என்றே பள்ளியில் சொல்லிக்கொடுத்தார்கள். அது தீவாகப் பிறந்த நாடன்று என்பதையும், உட்டோப்பஸ் என்னும் மன்னன் அந்நிலத்தை வென்று, நிலப்பரப்போடு அதை இணைத்திருந்த 15 மைல் பகுதியை வெட்டித் தீவாக்கினான் என்பதையும் யாரும் சொல்லவில்லை. அதைவிட முக்கியமானது அவர்களுடைய குடியேற்ற விதி. தீவில் மக்கள்தொகை மிகுந்துவிட்டால், எதிர்க்கரையில் மண்ணின் மக்கள் உழாமல் விட்டிருக்கும் நிலத்தில் போய் ஊர் அமைப்பார்கள். மண்ணின் மக்கள் தங்கள் சட்டத்தை ஏற்றால் சேர்த்துக்கொள்வார்கள், மறுத்தால் விரட்டுவார்கள், எதிர்த்தால் போர் தொடுப்பார்கள். நிலத்தைப் பயன்படுத்தாமல் வைத்துக்கொண்டு பிறருக்கும் மறுப்பவர்கள் மீது தொடுக்கும் போர் மிக நியாயமான போர் என்று அந்த நூலே சொல்கிறது. பின்னாளில் வட அமெரிக்காவில் பழங்குடிகளின் நிலத்தைப் பறித்தவர்கள் சொன்ன வாதமும் இதுதான்.

கதை கதையாகவே நின்றுவிடவும் இல்லை. நூல் வெளிவந்த மறு ஆண்டே, 1517இல், மோரின் தங்கை கணவரான ஜான் ராஸ்டெல் புதிய உலகுக்குக் கப்பல் எடுத்துப் புறப்பட்டார். மாலுமிகள் கலகம் செய்து அவரை அயர்லாந்தோடு நிறுத்திவிட்டார்கள் என்பது வேறு.

நெய்தல்வாசகி எழுதியது:

ஏட்டுப்பூச்சி அவர்கள் சொல்லும் செய்திகள் சரியே. முடிவில்தான் எனக்கு உடன்பாடில்லை. அதே 'உட்டோப்பியா'வைப் படித்த வாஸ்கோ தெ கிரோகா என்னும் ஸ்பானிய நீதிபதி, 1530களில் மெக்சிகோவில், அழிந்துகொண்டிருந்த பழங்குடி மக்களுக்காக 'சாந்தா ஃபே' என்ற பெயரில் மருத்துவச் சாலையோடு கூடிய ஊர்களை அமைத்தார். பொது நிலம், நாளுக்கு ஆறு மணி நேர வேலை என்ற விதிகளை மோரின் நூலைப் பார்த்தே எழுதினார். பின்னர் மிச்சோவாக்கான் ஆயராகவும் ஆனார். அவருடையதும் அரசின் ஆட்சிக்குள் நடந்த வேலைதான் என்பதை மறுக்கவில்லை. ஆனால் ஒரே நூலிலிருந்து ஒருவர் வாளையும் மற்றவர் மருத்துவச் சாலையையும் எடுக்க முடிந்திருக்கிறது.

மேலும், கற்பனைக் கடற்பயணம் என்ற வடிவம் காலனியத்தைவிட மிகப் பழையது. 2ஆம் நூற்றாண்டில் சமோசாட்டாவைச் சேர்ந்த லூசியன், தாம் சொல்லப்போவது அனைத்தும் பொய் என்று முன்கூட்டியே அறிவித்துவிட்டு நிலவுக்கே கப்பல் விட்டார். 12ஆம் நூற்றாண்டில் ஆந்தலூசியாவின் இப்னு துஃபைல், தனித்தீவில் ஒரு மானால் வளர்க்கப்படும் ஹை என்னும் சிறுவனின் கதையை எழுதினார். அது 1671இல் இலத்தீனிலும், 1708இல் அரபியிலிருந்து நேரடியாக ஆங்கிலத்திலும் வந்துவிட்டது; டீஃபோவின் கதையில் வரும் ராபின்சன் கிரூசோ தனித்தீவில் ஒதுங்கியது அதற்குப் பின்புதான்.

நம் மணிமேகலையில் வரும் சாதுவன் கதையையும் நினைத்துப் பாருங்கள். ஆதிரையின் கணவன் பொருளையெல்லாம் தொலைத்துவிட்டு வங்கம் (கப்பல்) ஏறிப் போகிறான். கலம் உடைகிறது. ஒடிந்த மரத்தைப் பற்றிக்கொண்டு நக்க சாரணர் நாகர் வாழும் மலைப்பக்கம் கரையேறுகிறான். அவனைத் தின்ன வந்தவர்களிடம் அவர்கள் மொழியிலேயே பேசுகிறான். அவர்களுடைய பாடையை (மொழியை) மயக்கமறக் கற்றவன் என்று சாத்தனார் தனியாகக் குறிப்பிடுகிறார். அவர்களின் தலைவனான குருமகனிடம் வினையையும் மறுபிறப்பையும் எடுத்துச் சொல்லி, ஊன் தின்பதை விடச் செய்து, பொருளோடு ஊர் திரும்புகிறான். அங்கே யாரும் கொடி நடவில்லை.

மீகாமன் எழுதியது:

வடிவம் பழையது என்பது உண்மைதான். ஆனால் 17ஆம் நூற்றாண்டின் இறுதியில் அதற்குள் ஒரு புதுப்பொருள் நுழைகிறது: நிலப்படமும் நாட்குறிப்பும். லூசியன் தம் நிலவுக்கு அட்சரேகை தரவில்லை. குள்ளர் நாடான லில்லிபுட்டுக்குப் போகும் வழியில் கலிவரின் கப்பல் உடையும் இடம் 30 பாகை 2 நிமிடத் தென் அட்சரேகை என்று ஸ்விஃப்ட் தருகிறார். வான் டீமன் நிலத்துக்கு, அதாவது இன்றைய டாஸ்மேனியாவுக்கு, வடமேற்கில் என்ற குறிப்போடு சேர்த்துப் பார்த்தால் அது ஆஸ்திரேலியாவின் மேலோ அதன் அருகிலோ விழும். அன்றைய ஐரோப்பியர்களுக்கு அந்தக் கண்டத்தின் வடக்கு, மேற்கு விளிம்புகளும் தெற்கின் ஒரு பகுதியும் மட்டுமே ஓரளவு தெரியும் என்பதால், கதைக்கு அங்கே இடம் இருந்தது. 1675இலும் 1676இலும் வந்த வெராஸ், ஃபுவாஞி ஆகியோரின் இலட்சிய நாடுகளும் அந்தத் 'தெரியாத தென்னிலத்தில்'தான் இருந்தன. பாரிசில் கார்னியே என்பவர் கற்பனைப் பயணங்களையெல்லாம் திரட்டி 36 தொகுதிகளாக 1787 முதல் 1789 வரை வெளியிட்டார். அச்சு வேலை நடந்துகொண்டிருந்த 1788இல், அதே தென்னிலத்தில் பிரிட்டன் தன் கைதிகளை இறக்கிக் குடியேற்றத்தைத் தொடங்கியிருந்தது.

ஹெர்மன் மால் என்னும் நிலப்படக்காரரையும் கவனிக்க வேண்டும். ஆங்கிலேய மாலுமி வில்லியம் டேம்பியர் 1697இல் வெளியிட்ட மெய்யான உலகப் பயண நூலுக்குப் படம் வரைந்தவர் அவர். கலிவர் அவரைத் தம் மதிப்புக்குரிய நண்பர் என்று நான்காம் பாகத்தில் பெயர் சொல்லிக் குறிப்பிட்டு, நியூ ஹாலந்தின் (இன்றைய ஆஸ்திரேலியாவின்) இருப்பிடத்தை நிலப்படங்கள் மூன்று பாகை தவறாகக் காட்டுகின்றன என்று அவரிடம் முன்பே சொன்னதாகக் குறைப்பட்டுக்கொள்கிறார். பின்வந்த பதிப்பில் டேம்பியரையே தம் உறவினர் ஆக்கிவிடுகிறார்.

சென்னைக்கு வந்த கலிவரைப் பற்றிக் கடலோடி வியந்தார். டேம்பியர் உண்மையாகவே 1690இல் புனித ஜார்ஜ் கோட்டைக்கு வந்திருக்கிறார். அந்தக் கோட்டைக்குத்தான் மூடி என்ற ஆங்கிலேயர், மிண்டனாவோவில் விலைக்கு வாங்கிய ஜியோலி என்பவரையும் அவருடைய தாயையும் கொண்டுவந்திருந்தார். ஜியோலி மியாங்காஸ் தீவைச் சேர்ந்தவர். உடலெங்கும் பச்சை குத்தியவர். அவர் மீது டேம்பியருக்குப் பாதிப் பங்கு கிடைத்தது. தாய் சுமத்திராவின் பென்கூலனில் இறந்தார். இங்கிலாந்தில் ஜியோலியை விற்றார்கள். காசு வாங்கிக்கொண்டு காட்டினார்கள். கூட்டம் சேர்ப்பதற்காக அச்சிட்ட துண்டு நூலில், அவர் இளவரசர் என்றும், அவர் உடலில் உள்ள வண்ணத்துக்குப் பாம்பும் தேளும் அஞ்சி ஓடும் என்றும் கதை கட்டினார்கள். பாம்பைக் கண்டால் ஜியோலியும் தம்மைப் போலவே பயந்தார் என்று டேம்பியரே பின்னர் எழுதினார். ஜியோலி ஆக்ஸ்ஃபோர்டில் அம்மை கண்டு இறந்தார். கற்பனைப் பயணக் கதை நூலில் மட்டும் எழுதப்படவில்லை என்பதற்காக இதைச் சொல்கிறேன்.

பழைய புத்தகம் எழுதியது:

கிரூசோ ஒதுங்கிய தீவு சிலி நாட்டுக்கு எதிரே உள்ள யுவான் ஃபெர்னாண்டஸ் தீவுதானே? அங்கே அடிமை வாணிபமும் இல்லை, குடியேற்றமும் இல்லை. அந்த நூலையாவது விட்டுவிடலாம் என்று நினைக்கிறேன்.

ஏட்டுப்பூச்சி எழுதியது:

அது அலெக்சாண்டர் செல்கிர்க் என்னும் மெய்யான மாலுமி 1704 முதல் 1709 வரை தனித்திருந்த தீவு, ஐயா. டீஃபோ 1719இல் எழுதிய கதையில் கிரூசோவின் தீவு கரீபியப் பக்கம், ஒரினோக்கோ ஆற்று முகத்துக்கு எதிரே இருக்கிறது. அதே ஆற்றில்தான் 1595இல் வால்டர் ராலே பொன் நகரத்தைத் தேடிப் போனார். தோளில் கண்ணும் மார்பில் வாயும் உள்ள தலையில்லா மனிதர்கள் அங்கே இருப்பதாகக் கேள்விப்பட்டதை எழுதி, முன்பு கட்டுக்கதை என்று ஒதுக்கப்பட்ட மாண்டவில்லின் பயண நூல் இப்போது மெய்யாகிவிட்டது என்று சான்றும் காட்டினார். டீஃபோவும் சும்மா இருக்கவில்லை. 1711இல் அமைச்சர் ஹார்லிக்குத் தென் அமெரிக்காவில் ஆங்கிலேயக் குடியேற்றம் அமைக்கும் திட்டத்தை எழுதி அனுப்பினார்.

கிரூசோவை விட்டுவிடச் சொல்கிறீர்கள். விட முடியாத நூல் அதுதான் என்பேன். அவர் எதற்காகக் கப்பல் ஏறினார் என்பதைப் பலரும் மறந்துவிடுகிறார்கள். பிரேசிலில் அவருக்குத் தோட்டம் இருந்தது. தோட்டத்துக்கு ஆள் வேண்டும் என்று கினிக் கரைக்கு அடிமைகளை வாங்கப் போகும் வழியில்தான் கப்பல் உடைந்தது. அதற்கு முன்பே, தம்மோடு தப்பிவந்த ஸூரி என்னும் சிறுவனை, அவன் கிறித்தவனானால் பத்தாண்டில் விடுதலை என்ற வாக்கை வாங்கிக்கொண்டு, போர்த்துகீசிய மீகாமனுக்கு 60 வெள்ளிக் காசுக்கு விற்றிருந்தார். பிறகு 28 ஆண்டு தீவில் உழைக்கிறார். வேலி கட்டுகிறார், பானை வனைகிறார், வாற்கோதுமை விதைக்கிறார். உழைப்பால் உயர்ந்தவர் என்று அவரைப் போற்றுகிறோம். ஆனால் அவர் ஊர் திரும்பியதும் கைக்கு வருவது என்ன? ஐயாயிரம் பவுனுக்கு மேல் ரொக்கம், ஆண்டுக்கு ஆயிரம் பவுனுக்கு மேல் தரும் பிரேசில் சொத்து. அந்தப் பணம் தீவில் விளையவில்லை. அவர் இல்லாத 28 ஆண்டும் யாருடைய கைகளோ உழைத்துக்கொண்டிருந்த தோட்டத்திலிருந்து வந்தது. அந்தக் கைகளைப் பற்றி நூலில் ஒரு காட்சிகூட இல்லை.

நெய்தல்வாசகி எழுதியது:

இந்தப் பதிவுக்குப் பிறகு கிரூசோவை மீண்டும் புரட்டினேன். சாதுவனைப் பற்றி எழுதியபோது போகிறபோக்கில் சொன்ன ஒரு செய்தி இப்போது எனக்குப் பெரிதாகத் தெரிகிறது. இக்கதைகளில் கொடி நட்டார்களா என்று பார்ப்பதைவிட, யார் யாருடைய மொழியைக் கற்றார்கள் என்று பார்த்தால் நிலைமை விளங்குகிறது.

கிரூசோ தாம் காப்பாற்றிய மனிதனிடம் பெயர் என்ன என்று கேட்பதே இல்லை. வெள்ளிக்கிழமை என்று பெயர் வைக்கிறார். அடுத்து அவனுக்குச் சொல்லிக்கொடுப்பது 'எஜமான்' என்ற சொல். அதுதான் தம் பெயர் என்றும் தெரிவிக்கிறார். (அதற்கு முன்பு அவர் பேசப் பழக்கியது ஒரு கிளியை. கிளிக்காவது அதன் பெயரைத்தான் முதலில் சொல்லிக்கொடுத்தார்.) ஆண்டுக்கணக்கில் கூடவே இருந்தும் அவன் மொழியைக் கிரூசோ கற்கவில்லை, அவனுடைய தந்தையோடு பேசுவதற்கும் அவனையே மொழிபெயர்க்க வைக்கிறார்.

ஆங்கிலேய மெய்யியலாளர் பிரான்சிஸ் பேகனின் 'புதிய அட்லாண்டிஸ்' இதற்கு இன்னொரு முகம். பெருவிலிருந்து சீனத்துக்கும் ஜப்பானுக்கும் புறப்பட்டு வழிதவறிய கப்பல் பென்சாலம் தீவை அடைகிறது. அந்தத் தீவினர் வந்தவர்களிடம் ஸ்பானியத்திலேயே பேசுகிறார்கள். வேற்று நாட்டார் பெயரில் உலகெங்கும் போய் நூல்களையும் ஆய்வுகளையும் திரட்டிவரும் பன்னிரண்டு பேரை அவர்கள் வைத்திருக்கிறார்கள். அவர்களுக்கு 'ஒளி வாணிகர்' என்று பெயர். உலகம் அவர்களை அறியாது. அவர்கள் உலகத்தை அறிவார்கள். வர்ஜீனியா, நியூஃபவுண்ட்லாந்து குடியேற்றக் கம்பெனிகள் இரண்டிலும் பேகனுக்குப் பங்கு இருந்தது என்பதோடு சேர்த்துப் படித்தால், மொழி கற்பது எப்போதும் அன்பினால் அன்று என்பதும் புரிகிறது.

கலிவர் இதற்கு நேரெதிர். போன இடமெல்லாம் அவர் முதலில் செய்வது அந்த ஊர் மொழியைக் கற்பதுதான். லில்லிபுட்டில் ஆறு அறிஞர்கள் அவருக்குப் பாடம் சொல்கிறார்கள். நான்காம் பாகத்தில் பேசும் குதிரைகளிடம் கனைக்கவே பழகுகிறார். அவர் எந்த நாட்டையும் பிடிக்கவில்லை.

மீகாமன் எழுதியது:

நல்ல அளவுகோல். ஸ்விஃப்ட் கடைசி அத்தியாயத்தில் இதை வெளிப்படையாகவே எழுதிவிடுகிறார். தாம் கண்ட நாடுகளை அரசர் பெயரில் ஏன் கைப்பற்றவில்லை என்று கேட்பவர்களுக்குக் கலிவர் பதில் சொல்லும் இடம் அது. புயலில் திசைமாறிய கடற்கொள்ளையர் கூட்டம் ஒரு கரையைக் காண்கிறது. அங்குள்ள எளிய மக்கள் விருந்தோம்புகிறார்கள். வந்தவர்கள் நாட்டுக்குப் புதுப்பெயர் வைத்து, நினைவுச்சின்னமாக ஓர் உளுத்த பலகையை நட்டு, இரண்டு மூன்று டஜன் பேரைக் கொன்று, ஓரிருவரை மாதிரிக்கு இழுத்துக்கொண்டு ஊர் திரும்பி மன்னிப்பும் பெறுகிறார்கள். தெய்வ உரிமையால் கிடைத்த புதிய ஆட்சி அங்கே தொடங்குகிறது. 'மாதிரிக்கு' என்ற சொல்லைப் படித்தபோது எனக்கு ஜியோலியின் நினைவுதான் வந்தது. இதெல்லாம் பிரிட்டனுக்குப் பொருந்தாது என்று அடுத்த பத்தியில் கலிவர் பணிவோடு சொல்வதை, பிரிட்டனின் பிடியில் இருந்த அயர்லாந்தின் டப்ளினில் இருந்தவர்கள் எப்படிப் படித்திருப்பார்கள் என்று யோசித்துப் பாருங்கள்.

ஏட்டுப்பூச்சி எழுதியது:

அந்தப் பத்தியை நானும் மதிக்கிறேன். ஆனால் நூல் முழுவதும் அந்தப் பத்தியாக இல்லை. நான்காம் பாகத்தில் குதிரைகளின் நாட்டில் மனித உருவ விலங்குகளாக வரும் யாஹூக்களைப் பாருங்கள். தட்டை முகம், அமுங்கிய மூக்கு, தடித்த உதடு என்று வருணித்துவிட்டு, இவை காட்டுமிராண்டி இனங்கள் எல்லாவற்றுக்கும் பொதுவானவை என்கிறார் கலிவர். அடிமை வாணிபக் கப்பல்காரர்களின் குறிப்பேட்டு நடை அது. யாஹூக்களை அடியோடு அழித்துவிடலாமா என்று குதிரைகளின் பேரவை விவாதிக்கிறது. கலிவர் அதைக் கேட்டு அதிரவில்லை. யாஹூத் தோலில் படகு செய்துகொண்டுதான் புறப்படுகிறார்.

நெய்தல்வாசகி அவர்களின் மொழி அளவுகோலையும் சற்றுத் திருத்த வேண்டும். கலிவர் கற்பது யாருடைய மொழியை? லில்லிபுட்டில் அரசவையின் மொழி, கடைசி நாட்டில் குதிரைகளின் மொழி. அடக்கப்பட்ட யாஹூக்கள் எழுப்புவது ஒரு மொழியாக இருக்கலாம் என்ற ஐயம்கூட அவருக்கு எழவில்லை. அவர் கற்பதற்குக் காரணம் நற்குணம் அன்று. அங்கெல்லாம் அவர் பிடிபட்டவர். கிரூசோவிடம் துப்பாக்கி இருந்தது.

1668இல் வந்த ஹென்றி நெவிலின் 'பைன்ஸ் தீவு' இதற்கு நல்ல சான்று. கிழக்கிந்தியாவுக்குப் போகும் வழியில் கப்பல் உடைந்து, ஜார்ஜ் பைன் என்னும் ஆங்கிலேயனும் நான்கு பெண்களும் மட்டும் பிழைக்கிறார்கள். அவர்களில் ஒருத்தி ஃபிலிப்பா என்னும் கறுப்பின அடிமைப்பெண். பைனின் முதுமைக்குள் வம்சம் 1,789 ஆகப் பெருகிவிடுகிறது. மண்ணின் மக்களே இல்லாத தீவு. யாருடைய மொழியையும் கற்கத் தேவையில்லை. ஆனாலும் பின்னர் டச்சுக்கப்பல் வரும்போது அங்கே ஒரு கலகம் நடக்கிறது. அதற்குத் தலைவன் ஃபிலிப்பாவின் வழிவந்தவன். டச்சுக்காரர்களின் துப்பாக்கி உதவியோடு கலகத்தை அடக்கி, அவனை மலையுச்சியிலிருந்து கடலில் தள்ளுகிறார்கள். பூர்வகுடிகள் இல்லாத தீவைக் கற்பனை செய்தாலும், தள்ளுவதற்கு ஒருவனையும் சேர்த்தே கற்பனை செய்ய வேண்டியிருந்தது. ஜாதிக்காய்த் தீவான ரன் மீதான உரிமையை டச்சுக்காரர்களுக்கு விட்டுக்கொடுத்து, நியூயார்க்கை ஆங்கிலேயர் வைத்துக்கொண்ட பிரெடா உடன்படிக்கைக்கு மறு ஆண்டு வந்த நூல் இது.

நெய்தல்வாசகி எழுதியது:

திருத்தத்தை ஏற்றுக்கொள்கிறேன். சாதுவன் கதையிலும் அந்த நாகர் தலைவன் தன் பெண்ணோடு இருந்த நிலையைக் கரடி தன் பிணவோடு இருந்தது போல என்றுதான் சாத்தனார் காட்டுகிறார். வந்தவன் அறிவுடையவன், இருந்தவர்கள் அறியாதவர்கள் என்ற சாய்வு அங்கும் உண்டு. அதை முன்பே சொல்லியிருக்க வேண்டும்.

ஒன்று மட்டும் சேர்க்கிறேன். எதிர்க்கரையில் நிற்பவருக்குப் பேச வாய்ப்புக் கொடுத்த நூலும் இந்த வகையில் இருக்கிறது. பிரெஞ்சு மாலுமி பூகேன்வில் 1768இல் தாஹித்திக்குப் போய்வந்த மெய்ப்பயணத்துக்குப் பிற்சேர்க்கை போலப் பிரெஞ்சு எழுத்தாளர் திதெரோ ஒரு கற்பனை உரையாடலை எழுதினார்; அவர் இறந்த பிறகு, 1796இல்தான் அது அச்சாயிற்று. அதில் வரும் முதியவர் கேட்கிறார்: தாஹித்தியர் ஒருவர் உங்கள் கரையில் இறங்கி, இந்த நாடு எங்களுடையது என்று உங்கள் கல்லில் பொறித்தால் என்ன நினைப்பீர்கள்? கேள்வியை எழுதியவர் பாரிஸ்காரர் என்பது உண்மைதான். பூகேன்வில் உண்மையாகவே பாரிசுக்கு அழைத்துவந்த அகுதோரு என்னும் தாஹித்தியர், ஊர் திரும்பும் வழியில் 1771இல் அம்மை கண்டு இறந்துபோனார்.

கடலோடி எழுதியது:

அனைவருக்கும் நன்றி. இந்த இழையைத் தொடங்கிய வரிக்கே திரும்பிப் போனேன். 1707 ஏப்ரலில் புனித ஜார்ஜ் கோட்டையில் தாமஸ் பிட் ஆளுநராக இருந்தார். அதற்குச் சில வாரங்களுக்கு முன்புதான் ஒளரங்கசீப் இறந்திருந்தார். அதே ஆண்டில் சென்னையில் வலங்கை, இடங்கைச் சாதியாரிடையே பெரும் பூசல் மூண்டது. கிடைத்த இடமெல்லாம் அகராதி தொகுத்த கலிவர், மூன்று வாரமும் ஒரு தமிழ்ச்சொல்லையோ தெலுங்குச்சொல்லையோ குறிக்கவில்லை. ஏட்டுப்பூச்சி அவர்கள் சொன்ன காரணமே இங்கும் பொருந்தும் என்று நினைக்கிறேன். இங்கே அவர் பிடிபட்டவராக வரவில்லை, தம்மவரின் பீரங்கிகள் நின்ற மதிலுக்குள் வந்து இறங்கினார். ஸ்விஃப்ட் அந்த மூன்று வாரத்துக்கு ஒதுக்கியது ஒரே வாக்கியம். அது மாலுமிகளின் உடல்நிலையைப் பற்றியது.